உப்புக் காற்றில் ஒரு பெரிய வண்டி

வாசகர் கேள்வி – பதில்

சென்ற இதழில் வேறொரு கேள்விக்குப் பதில் சொல்லும்போது, பெட்ரோல் எஞ்சினும் மின்மோட்டாரும் சேர்ந்து ஓட்டும் எங்கள் வீட்டு ஹைபிரிட் வண்டியைப் பற்றிப் போகிறபோக்கில் நான்கு வரி எழுதியிருந்தேன். அந்த நான்கு வரிக்கு வந்த கடிதங்கள் மேசை நிறைய இருக்கின்றன. அதனால் இந்த முறை பக்கம் முழுவதும் அந்த வண்டிக்கே. புதிதாகப் படிப்பவர்களுக்காக: என் ஊர் ராமநாதபுரம் மாவட்டத்து உச்சிப்புளி. அரசு மருத்துவமனையில் மருந்தாளுநராக இருந்து ஓய்வு பெற்றவள். மாமியார், கணவர், மகன், மருமகள், இரண்டு பேரப்பிள்ளைகள், நான் என்று வீட்டில் ஏழு பேர். பத்து மாதம் காத்திருந்து, 2023 கடைசியில் டொயோட்டா இன்னோவா ஹைகிராஸ் ஹைபிரிட் எடுத்தோம். இதுவரை 38,000 கிலோமீட்டர் ஓடியிருக்கிறது. பாதிக்கு மேல் நான் ஓட்டியது.

*லிட்டருக்கு 23 கிலோமீட்டர் என்கிறார்களே, உண்மையில் எவ்வளவு கிடைக்கிறது? ஹைபிரிட்டுக்குக் கூடுதலாகக் கொடுக்கும் பணம் பெட்ரோலில் திரும்பி வந்துவிடுமா?*
— பரமக்குடி வாசகர்

சான்றிதழில் உள்ள எண் 23.24. அது சோதனை முறையில் அளந்த எண். உங்கள் சாலையில், உங்கள் காலுக்கு அது கிடைக்காது. நான் டேங்க் நிரப்பும் ஒவ்வொரு முறையும் நோட்டில் எழுதுகிறேன். அந்த நோட்டின் சராசரி 17. மதுரை சாலையில் 80 கிலோமீட்டர் வேகத்தில் நிதானமாகப் போனால் 19 வரை ஏறும். மகன் 110-ல் ஓட்டிக்கொண்டு போன நாட்களில் 15-ஐத் தாண்டியதில்லை.

இன்னொன்றும் அந்த நோட்டில் தெரிகிறது. ராமநாதபுரம் கடைத்தெருவில் ஊர்ந்த நாட்களிலும், விடுமுறை நாளில் பாம்பன் பாலத்து நெரிசலில் நின்ற நாட்களிலும் மைலேஜ் விழவில்லை. மற்ற வண்டிகளுக்கு அங்கேதான் பெட்ரோல் கரையும். இதில் நின்றால் எஞ்சின் அணைந்துவிடும், ஏ.சி. பேட்டரியில் ஓடும். பிரேக்கை மிதிக்கும்போது வண்டியின் வேகம் மோட்டார் வழியாக மின்சாரமாகிப் பேட்டரிக்குத் திரும்பும். நிற்க நிற்கத்தான் இந்த வரவு. நான்குவழிச் சாலையில் பிரேக்கைத் தொடாமல் பறப்பவருக்கு அதில் பெரும்பகுதி கிடையாது.

இனி பணக் கணக்கு. நாங்கள் வாங்கியபோது இதே வண்டியின் சாதாரண பெட்ரோல் மாடலுக்கும் ஹைபிரிட்டுக்கும் ஐந்து லட்சத்துக்கு மேல் வித்தியாசம். என் நாத்தனார் வீட்டில் அந்தப் பெட்ரோல் மாடல்தான் இருக்கிறது. அவர்களுக்கு 11, 12 கிடைக்கிறது. மாதம் 1,500 கிலோமீட்டர் ஓடினால் அவர்களுக்கு 130 லிட்டர், எங்களுக்கு 88 லிட்டர். லிட்டர் 101 ரூபாய் என்று வைத்தாலும் மாதம் நாலாயிரத்துச் சொச்சம், ஆண்டுக்கு ஐம்பதாயிரம் மிச்சம். ஐந்து லட்சம் திரும்பப் பத்து ஆண்டு ஆகும். மாதம் 2,500 கிலோமீட்டர் ஓடுகிறவருக்கு ஆறு ஆண்டில் வந்துவிடும். உங்கள் கடிதத்தில் மாதம் 600, 700 கிலோமீட்டர் என்று எழுதியிருக்கிறீர்கள். பெட்ரோல் மிச்சத்துக்காக என்றால் நீங்கள் இதை வாங்க வேண்டாம் என்றுதான் சொல்வேன். வேறு காரணம் இருந்தால் தொடர்ந்து படியுங்கள்.

*மண்டபத்தில் கடலோரம் வீடு. பேட்டரி, மோட்டார், கம்பி என்று இத்தனை மின்பொருள்கள் உள்ள வண்டி நம் உப்புக் காற்றைத் தாங்குமா?*
— மண்டபம் வாசகர்

எல்லோரும் பேட்டரியை நினைத்துப் பயப்படுகிறார்கள். நானும் அப்படித்தான் இருந்தேன். ஆனால் பெரிய பேட்டரி வண்டியின் உட்புறத்தில், மூடிய பெட்டிக்குள் இருக்கிறது. அதற்கு 8 ஆண்டு அல்லது 1,60,000 கிலோமீட்டர் உத்தரவாதமும் உண்டு. உப்பு முதலில் தின்றது பிரேக் வட்டை, அதாவது சக்கரத்தோடு சுழலும் டிஸ்க்கை.

வாங்கி ஒன்பதாம் மாதம் பின்பக்க இடது சக்கரத்தில் கரகரவென்று ஒரு சத்தம். சர்வீஸ் செய்யும் இடத்தில் இரண்டு முறை காட்டினேன். இரண்டு முறையும் ஒன்றுமில்லை என்று அனுப்பிவிட்டார்கள். மூன்றாம் முறை, சக்கரத்தைக் கழற்றாமல் நான் போகமாட்டேன் என்று அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். கழற்றினார்கள். வட்டின் நடுப்பகுதி கண்ணாடி மாதிரி இருந்தது. வெளி விளிம்பில் ஒரு விரல் அகலத்துக்கு, காய்ந்த கருப்பட்டிப் பாகு நிறத்தில் துரு பொருக்குத் தட்டியிருந்தது. நகத்தால் கிள்ளினேன், செதிளாக வந்தது. அந்தச் செதில்தான் பிரேக் கட்டையில் உரசிச் சத்தம் போட்டிருக்கிறது.

காரணம் எளிது. சாதாரண வண்டியில் ஒவ்வொரு முறை பிரேக் போடும்போதும் கட்டை வட்டைத் தேய்த்துத் துருவைத் துடைத்துவிடும். ஹைபிரிட்டில் மெதுவாக வேகத்தைக் குறைக்கும் வேலையை மோட்டாரே செய்துவிடுகிறது. கட்டை வட்டைத் தொடுவதே அபூர்வம். மதுரையிலோ கோயம்புத்தூரிலோ அது வரம், பிரேக் கட்டை நெடுநாள் உழைக்கும். நம் கரையில் அது துருவுக்குக் கிடைக்கும் ஓய்வு நேரம். இப்போது நான் வாரம் இரண்டு முறை, பின்னால் வண்டி இல்லாத நேர்சாலையில், 60-லிருந்து அழுத்தமாக நாலைந்து தடவை பிரேக் பிடிக்கிறேன். அழுத்திப் பிடித்தால் கட்டையும் சேர்ந்து வேலை செய்யும். அதன் பிறகு அந்தச் சத்தம் வரவில்லை.

அடுத்தது கழுவுவது. வாரம் ஒரு முறை வண்டியின் அடிப்பாகத்தைக் கழுவச் சொல்வார்கள். எந்தத் தண்ணீரால் என்று யாரும் சொல்வதில்லை. எங்கள் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் காய்ந்தால் வாளியில் வெள்ளைத் தடம் விழும். அதில் வண்டியைக் கழுவுவது உப்பின் மேல் உப்பைப் பூசுவதுதான். மழைக்காலத்தில் மாடித் தண்ணீரை இரண்டு பீப்பாயில் பிடித்து வைக்கிறோம். கோடையில் குடத்துக்குக் காசு கொடுத்து வாங்கும் நல்ல தண்ணீரில் இரண்டு குடம் வண்டிக்குப் போகிறது. குடிக்கும் தண்ணீரை ஊற்றுகிறோமே என்று எனக்கு மனம் உறுத்தியது. அதனால் வயலுக்கு மருந்து அடிக்கும் கைத்தெளிப்பான் ஒன்றைப் புதிதாக வாங்கினேன். சக்கர வளைவு, அடித்தகடு, சைலன்சர் மூட்டு என்று குறிபார்த்து அடித்தால் இரண்டு குடமே போதும். தென்மேற்குக் காற்றான கச்சான் அடிக்கும் மாதங்களில் தென்கடல் பக்கத்து வீடுகளுக்கும், வாடை மாதங்களில் வடகடல் பக்கத்து வீடுகளுக்கும் இதை விடாமல் செய்யச் சொல்வேன். உங்களுக்கு இரண்டு கடலும் பக்கம், ஐயா.

உப்பை அலட்சியம் செய்ய வேண்டாம் என்பதற்கு நம் கண்முன்னே பாம்பன் இருக்கிறது. 1914-ல் திறந்த பழைய ரயில் பாலத்தைச் சுரண்டிச் சுரண்டி வர்ணம் அடித்தே நூறாண்டுக்கு மேல் காப்பாற்றினார்கள். 2025 ஏப்ரலில் திறந்த புதிய பாலத்துக்குத் துருப்பிடிக்காத எஃகுக் கம்பியும் தனிவகை வர்ணப் பூச்சும் தேவைப்பட்டன. நம் வண்டி அந்தக் காற்றில்தான் நிற்கிறது. பனையோலைக் கொட்டகை போட்டு, காற்று வரும் பக்கத்தை மட்டும் அடைத்துவிடுங்கள். தென்னை மரத்தடி வேண்டாம்.

தனுஷ்கோடி போனால் அரிச்சல்முனை வரை தார்ச்சாலை இருக்கிறது, அதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். வண்டி உயரமாக இருக்கிறதே என்று மணலில் இறக்காதீர்கள். இழுப்பது முன்சக்கரம் மட்டும், எடையோ ஒன்றரை டன்னுக்கு மேல்.

*லாத்தா, என் கணவர் துபாயில் இருக்கிறார். ஊருக்கு வரும்போது ஓட்டுவதற்காக ஹைபிரிட் வண்டி எடுத்திருக்கிறோம். மற்ற நாளெல்லாம் வாசலில்தான் நிற்கிறது. கெட்டுப்போகுமா?*
— கீழக்கரை வாசகி

தங்கச்சி, உங்கள் கடிதத்தைப் படித்ததும் எனக்கு எங்கள் வீட்டு வாசல் ஞாபகம் வந்தது. போன ஆண்டு மகள் பிரசவத்துக்காகக் கோயம்புத்தூர் போய் 24 நாள் இருந்துவிட்டு வந்தோம். சாவியை அழுத்தினால் கதவு திறக்கவில்லை. சாவிக்குள் ஒளிந்திருக்கும் இரும்புச் சாவியை உருவித் திறந்தேன். உள்ளே ஒரு விளக்கும் எரியவில்லை. வரவழைத்த மெக்கானிக் நான்கு பையன்களைக் கூட்டி வண்டியைத் தள்ளப் பார்த்தார். இதைத் தள்ளிக் கிளப்ப முடியாது என்று நான் சொல்லச் சொல்லக் கேட்கவில்லை.

இதில் இரண்டு பேட்டரி உண்டு. வண்டியை நகர்த்தும் பெரியது ஒன்று. எல்லாக் காரிலும் இருப்பது போன்ற 12 வோல்ட் சிறியது ஒன்று. சிறியது உயிரோடு இருந்தால்தான் வண்டியின் கணினி விழித்து, பெரியதை இணைக்கும். அடங்கிப்போனது சிறியதுதான். பக்கத்து வீட்டுக் காரிலிருந்து கம்பி போட்டு, கையேட்டில் காட்டிய இடத்தில் இணைத்ததும் ஒரே நிமிடத்தில் கிளம்பிவிட்டது.

நீங்கள் செய்ய வேண்டியது இதுதான். வாரம் ஒரு நாள், பிரேக்கை மிதித்துக்கொண்டு பொத்தானை அழுத்துங்கள். ‘ரெடி’ என்ற விளக்கு எரிய வேண்டும். பிரேக்கை மிதிக்காமல் அழுத்தினால் பாட்டு கேட்கும், விளக்கு எரியும், ஆனால் சார்ஜ் ஏறாமல் இறங்கும். பலர் இங்கேதான் தவறுகிறார்கள். ரெடி நிலையில் ஒரு மணி நேரம் விடுங்கள். இடையில் எஞ்சின் தானே ஓடும், தானே நிற்கும், பயப்பட வேண்டாம். கதவடைத்த ஷெட்டுக்குள் மட்டும் இதைச் செய்யக்கூடாது. புகை உயிருக்கு ஆபத்து. இதைவிட நல்ல வழி, நீங்களே ஓட்டப் பழகி ஏர்வாடி வரை போய்வருவது. கியர் மாற்றும் வேலை இல்லாத வண்டி, பழக எளிது.

*வெள்ளத்தில் மாட்டினால் ஷாக் அடிக்குமா?*
— சாயல்குடி வாசகர்

உயர் மின்அழுத்தக் கம்பிகள் வண்டியின் உடலோடு ஒட்டாமல் தனியே காப்பிடப்பட்டவை. கசிவு தெரிந்தால் இணைப்பைத் துண்டிக்கும் ஏற்பாடும் உண்டு. ஆனால் நனைந்த வண்டியின் ஆரஞ்சு நிறக் கம்பிகளை நீங்களோ ஊர் மெக்கானிக்கோ தொடவே கூடாது.

2024 நவம்பர் 20 அன்று ராமேஸ்வரத்தில் ஒரே நாளில் 40 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. அன்று மூழ்கி நின்ற வண்டிகளில் பலவற்றுக்கு ஆபத்தானது, தண்ணீர் வடிந்ததும் கிளப்பிப் பார்க்கும் அவசரம். கிளப்பாதீர்கள். கயிறு கட்டி இழுக்கவும் விடாதீர்கள். முன்சக்கரம் உருண்டால் அதோடு இணைந்த மோட்டாரும் சுழலும். தட்டையான லாரியில் ஏற்றித்தான் கொண்டுபோக வேண்டும். காப்பீட்டில் எஞ்சின் பாதுகாப்பு என்ற கூடுதல் பிரிவு இருக்கிறதா என்று ஐப்பசிக்கு முன்பே பாருங்கள்.

*ஏழு பேர் உண்மையில் உட்கார முடியுமா, பேச்சுக்குச் சொல்கிறார்களா?*
— ராமநாதபுரம் வாசகி

முடியும். ஏழு பேரும் ஏழு பேருடைய மூட்டையும் முடியாது. மூன்றாம் வரிசையை நிமிர்த்திவிட்டால் பின்னால் 300 லிட்டர் இடம்தான். குலதெய்வம் கோயிலுக்குப் பொங்கல் பானை, விறகு, அரிசியோடு போகும்போது சாமான் தனியே ஆட்டோவில்தான் வருகிறது. கடைசி வரிசையில் பேரப்பிள்ளைகள். பெரியவர்கள் மதுரை வரை தாங்குவார்கள், அதற்கு மேல் முழங்கால் கேட்கும்.

நாங்கள் இதை வாங்கியதே மாமியாருக்காக. அவருக்கு வயது 79, இரண்டு முழங்காலும் தேய்ந்தவை. பழைய டீசல் வண்டியில் அவரை ஏற்ற முக்காலி போட வேண்டும். அதன் அடியில் கனமான சட்டம், தரை அவ்வளவு உயரம். இதில் அந்தச் சட்டம் இல்லை, தரை தாழ்ந்திருக்கிறது. நடு இருக்கையில் பின்பக்கத்தை முதலில் வைத்து, திரும்பி, காலை உள்ளே எடுத்துக்கொள்கிறார். யாரும் தூக்க வேண்டியதில்லை. கண்ணுக்கு மருந்து போட மாதம் ஒரு முறை மதுரை போகிறவருக்கு, பிறர் கையை எதிர்பாராமல் ஏறுவது எவ்வளவு பெரிய விஷயம் என்று எனக்குத் தெரியும்.

நான் எதிர்பார்க்காதது ஒன்றும் நடந்தது. பழைய வண்டியில் அவர் பின்னால் பேசினால் எனக்குக் கேட்காது. கேட்டுக் கேட்டு அலுத்து அவரும் பேசாமலே வருவார். வாங்கிய புதிதில் ஒரு மாலை பாம்பன் சாலைப் பாலத்தில் நெரிசல். எஞ்சின் அணைந்திருந்தது. கண்ணாடியை இறக்கச் சொன்னார். தங்கச்சிமடத்தில் பிறந்தவர், 1964 புயலின்போது கல்யாணம் ஆகாத பெண். அந்த இரவு காற்று எந்தத் திசையிலிருந்து திரும்பியது, வீட்டுக் கூரை எப்போது போனது, விடிந்ததும் யார் யாரைத் தேடினார்கள் என்று, முன்னால் உட்கார்ந்திருந்த எனக்கு ஒரு சொல் விடாமல் கேட்கும்படி சொன்னார். 30 ஆண்டு ஒரே வீட்டில் இருந்தும் நான் கேட்டிராத கதை. பெட்ரோல் கணக்கு நோட்டின் பின்பக்கத்தில் இப்போது அவர் சொல்வதை எழுதிக்கொண்டு வருகிறேன்.

*ஊருக்குப் போகும்போது கருவாடு எடுத்துப் போகலாமா?*
— தேவிபட்டினம் வாசகி

எடுத்துப் போகலாம், ஆனால் இடம் பார்த்து வையுங்கள். பெரிய பேட்டரியைக் குளிரவைக்கும் காற்று வண்டிக்குள்ளிருந்துதான் போகிறது. இருக்கைக்கு அடியில் அதற்கான காற்றுத்துளையும் வலைச்சல்லடையும் இருக்கின்றன. அங்கே பையையோ மிளகாய் மூட்டையையோ திணித்து அடைத்தால் பேட்டரி சூடேறும். நம் ஊர் மணலும் தூசியும் அதில் சீக்கிரம் படியும். ஒவ்வொரு சர்வீஸிலும் கழற்றிச் சுத்தம் செய்யச் சொல்லிக் கேட்டு வாங்குங்கள். கருவாட்டைத் தகர டின்னில் போட்டு, மூடி விளிம்பைச் சுற்றிப் பிசைந்த மைதாவை ஒட்டிக் காயவிட்டு, கடைசி வரிசைக்குப் பின்னால் வையுங்கள். என் மருமகளின் அம்மா வீட்டுக்கு நெத்திலி அப்படித்தான் போகிறது.