கத்தரி இலையை மடித்தது புழுவா, குருவியா?

கேள்வி: அரை ஏக்கரில் கத்தரி நட்டு 60 நாள் ஆகிறது. இலைச் சுருட்டுப்புழு தென்பட்டதால், சுருண்ட இலைகளை ஆள் விட்டுக் கிள்ளினோம். கிள்ளிய ஓர் இலைக்குள் பஞ்சு மெத்தையும் மூன்று முட்டைகளும் இருந்தன. நீலம் ஓடிய வெள்ளையில் செம்பழுப்புப் புள்ளிகள். அன்று முழுவதும் பச்சை முதுகுள்ள ஒரு சின்னக் குருவி கத்திக்கொண்டே சுற்றியது. பத்து நாள் கழித்து, நான்கு வரிசை தள்ளி இன்னொரு செடியில் அதே போல ஓர் இலை மடிந்திருக்கிறது. இது என்ன குருவி? செடிக்குக் கெடுதலா? மருந்து அடிக்கலாமா?
— பெண் விவசாயி, ஒட்டன்சத்திரம் பகுதி, திண்டுக்கல் மாவட்டம்

பதில்: அம்மா, அந்த இரண்டாவது இலையை யாரும் தொடக் கூடாது என்று ஆட்களிடம் இன்றே சொல்லிவிடுங்கள். மற்றதைப் பிறகு பார்ப்போம்.

உங்கள் வயலில் இருப்பது தையல்சிட்டு. முட்டையின் நிறத்தைக் கவனித்து எழுதினீர்களே, அதுதான் சந்தேகத்தைத் தீர்த்தது. சாம்பல் கதிர்க்குருவியும் இப்படி இலையைத் தைத்துக் கூடு கட்டும். ஆனால் அதன் முட்டை செங்கல் நிறத்தில் பளபளவென்று இருக்கும்.

தையல்சிட்டு எடையில் பத்து கிராமைத் தாண்டாது. முதுகு பாசிப்பச்சை, வயிறு வெளுப்பு, நெற்றியும் உச்சந்தலையும் துரு நிறம். வாலைச் செங்குத்தாகத் தூக்கிக்கொண்டு செடியின் அடியில் கிளைக்குக் கிளை தத்தும். இனப்பெருக்கக் காலத்தில் ஆணின் நடுவால் இறகுகள் இரண்டும் ஊசிபோல நீண்டுவிடும். உடம்புக்கும் குரலுக்கும் சம்பந்தமே இருக்காது. அது கத்தும்போது தொண்டையின் இருபுறமும் ஒரு கரும்பட்டை தெரிந்து மறையும். பெருங்காடு இதற்குத் தேவையில்லை. வேலியோரம், கொல்லை, எலுமிச்சை, கத்தரி என்று மனிதர் புழங்கும் இடத்திலேயே வாழும்.

கூட்டை ஒருமுறை, தொடாமல், பக்கத்தில் நின்று பாருங்கள். இலையின் இரண்டு ஓரங்களிலும் வரிசையாகச் சிறு துளைகள் இருக்கும். பெண் குருவி அலகால் குத்திய துளைகள் அவை. பஞ்சு இழையையும் சிலந்தி நூலையும் அதன் வழியே இழுக்கிறது. முடிச்சுப் போடுவதில்லை. வெளியே வந்த நுனி பிசிறிப் பூப்போல விரிந்து, திரும்ப நழுவாமல் பிடித்துக்கொள்கிறது. இலை காம்போடு உயிருடன் இருப்பதால் பச்சை மாறாது. அதனால்தான் காகமும் செம்போத்தும் எளிதில் கண்டுபிடிப்பதில்லை. அதே பச்சைதான் உங்கள் ஆட்களையும் ஏமாற்றியது. அவர்கள் மேல் தவறில்லை. சுருண்ட இலையைக் கிள்ளுங்கள் என்று சொல்லும் எங்களைப் போன்றவர்கள் இதையும் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும்.

புழு சுருட்டிய இலை வேறு மாதிரி இருக்கும். நீளவாக்கில் சுருண்டு, உள்ளே பச்சையம் சுரண்டப்பட்டு, பழுப்பேறிக் காயத் தொடங்கும். விரித்தால் எச்சமும், மஞ்சள் திட்டுகளும் மயிரும் உள்ள ஊதாப்பழுப்புப் புழுவும் கிடைக்கும். அதைத் தயங்காமல் கிள்ளி அழியுங்கள். பச்சையாக, கூம்புபோல மடிந்து, ஓரத்தில் பஞ்சுப் பிசிறு தெரிந்தால் விட்டுவிடுங்கள்.

செடிக்குக் கெடுதல் என்று பார்த்தால் ஓரிரண்டு இலையின் ஓரத்தில் சில துளைகள், அவ்வளவுதான். காய்க்கும் திறன் குறையாது. குருவி தின்பது பூச்சி, புழு, வண்டு, சிலந்தி; சில பூக்களில் தேனும் குடிக்கும். குஞ்சு பொரித்துவிட்டால் தாயும் தகப்பனும் நாள் முழுக்க இரை சுமக்கும். அந்த இரையில் ஒரு பங்கு உங்கள் கத்தரியிலிருந்தே போகும். ஆனாலும் காய்த் துளைப்பானுக்கு இது தீர்வாகாது. அந்தப் புழு தண்டுக்குள்ளும் காய்க்குள்ளும் இருக்கிறது, குருவியின் அலகு அங்கே எட்டாது. வாடித் தொங்கும் நுனிக் குருத்துகளைக் கிள்ளி எரியுங்கள். ஆண் அந்துப்பூச்சியை வாசனையால் இழுத்துப் பிடிக்கும் இனக்கவர்ச்சிப் பொறி அரை ஏக்கருக்கு மூன்று வைத்தால் போதும்.

மருந்தைப் பொறுத்தவரை, கூட்டில் முட்டையோ குஞ்சோ இருக்கும்வரை ரசாயனப் பூச்சிக்கொல்லி அடிக்க வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. விஷம் பட்ட புழு சாவதற்கு முன்பே குஞ்சின் வாய்க்குப் போய்விடும். வேப்பங்கொட்டைச் சாறு 5 சதவீதம் அடியுங்கள். ஐந்து கிலோ வேப்பம்பருப்பை இடித்து, பத்து லிட்டர் தண்ணீரில் ஓர் இரவு ஊறவைத்து வடிகட்டி, 100 லிட்டராக்கி, கொஞ்சம் காதி சோப்புக் கரைசல் சேர்த்து மாலையில் தெளிக்க வேண்டும். கூடு உள்ள செடியையும் அதைச் சுற்றியுள்ள செடிகளையும் விட்டுவிடுங்கள்.

அடைகாப்பு சுமார் 12 நாள், குஞ்சு பறக்க இன்னும் இரண்டு வாரம். ஏறத்தாழ ஒரு மாதம்தான். அதற்குள் ஐந்தாறு முறை காய் பறிப்பீர்கள். அடையாளத் துணியைக் கூட்டுச் செடியில் கட்டாதீர்கள், காகம் கவனிக்கும். வரிசையின் தொடக்கத்தில் ஒரு குச்சியை நட்டு அதில் கட்டுங்கள். அந்தச் செடியில் மட்டும் நீங்களே காய் பறியுங்கள், இலையைத் திருப்பிப் பார்க்க வேண்டாம்.

முதல் கூடு போனதற்காக வருந்த வேண்டாம். கூட்டை இழந்த இணை பக்கத்திலேயே மறுபடி கட்டுவது வழக்கம். பத்து நாளில், அதுவும் நான்கே வரிசை தள்ளி வந்த இந்தக் கூடு அநேகமாக அதே இணையுடையதுதான்.