லைட்ரூம் 6-இல் புதிய கேமராவின் ரா கோப்புகள் திறக்கவில்லையா?

கேள்வி: ராயபுரத்தில் சிறிய ஸ்டுடியோ நடத்துகிறேன். 2016-இல் வாங்கிய, அடோபி நிறுவனத்தின் படத்திருத்த மென்பொருளான லைட்ரூம் 6-ஐயே இன்றும் பயன்படுத்துகிறேன். அண்மையில் வாங்கிய கேனான் ஈஓஎஸ் ஆர்6 கேமராவின் ரா கோப்புகள் (கேமரா பதிவு செய்யும் செயலாக்கப்படாத மூலப் படங்கள்) அதில் திறக்கவில்லை. மாதச் சந்தாவுக்கு மாறித்தான் ஆக வேண்டுமா?

பதில்: இப்போதைக்கு மாற வேண்டியதில்லை. ஒரே முறை பணம் கட்டி வாங்கும்படி அடோபி வெளியிட்ட கடைசி லைட்ரூம், 2015-இல் வந்த இந்த ஆறாம் பதிப்பே. அதன் இறுதிப் புதுப்பிப்பான 6.14, 2017 டிசம்பரில் வந்தது. உங்கள் கேமராவோ 2020-இல் வெளியானது. அது பதிவு செய்யும் சிஆர்3 வடிவத்தையே கேனான் 2018-இல்தான் கொண்டுவந்தது. தனக்குப் பின் பிறந்த வடிவத்தை உங்கள் மென்பொருள் அறிய வழியில்லை.

அடோபி இலவசமாகத் தரும் டிஎன்ஜி கன்வெர்ட்டரைக் கொண்டு சிஆர்3 கோப்புகளை அடோபியின் பொது ரா வடிவமான டிஎன்ஜிக்கு மாற்றிவிட்டால், லைட்ரூம் 6 அவற்றைத் திறக்கும். மாற்றும் முன், கன்வெர்ட்டரின் அமைப்புகளில் இணக்கத்தன்மை என்ற இடத்தில் 'கேமரா ரா 7.1 மற்றும் அதற்குப் பிந்தையவை' என்பதைத் தேர்ந்தெடுங்கள். தரத்தைக் குறைக்கும் சுருக்கத்தைத் தவிருங்கள். மூல சிஆர்3 கோப்புகளை மட்டும் எக்காரணம் கொண்டும் அழித்துவிடாதீர்கள். ஹார்ட் டிஸ்கில் இடம் கூடுதலாகத்தான் பிடிக்கும். ஆனாலும் நாளை வேறொரு மென்பொருளுக்குப் போகும்போது அந்த மூலம்தான் கைகொடுக்கும்.

நிறத்தில் கவனம் தேவை. காசிமேட்டில் விடியற்காலை மீன் ஏலத்தில் எடுத்த ஒரு படத்தை முதலில் மாற்றிப் பாருங்கள்: விளக்கின் மஞ்சள், வஞ்சிரத்தின் வெள்ளி மினுமினுப்பு, நொறுக்கிய ஐஸின் வெண்மை மூன்றும் ஒரே படத்தில் இருப்பதால் வேறுபாடு உடனே தெரிந்துவிடும். அதே படத்தை, கேனான் இலவசமாகத் தரும் டிஜிட்டல் போட்டோ புரொஃபஷனலில் திறந்து ஒப்பிடுங்கள். கேமராவின் திரையில் கண்ட நிறம் அதில் கிடைக்கும். லைட்ரூமில் சற்று மாறியிருக்கும். முகத்தின் நிறமும் பட்டுப்புடவையின் சிவப்பும் நிறைவளிக்கும்வரை திருத்தி, அந்த அளவுகளை ஒரு பிரீசெட்டாக, அதாவது மற்ற படங்களுக்கும் அப்படியே இடக்கூடிய அமைப்பாகச் சேமித்துக்கொண்டால் ஒவ்வொரு திருமணத்துக்கும் புதிதாகத் தொடங்க வேண்டியிராது. முகூர்த்த மாதத்தின் நடுவில் இதைத் தொடங்காமல், வேலை குறைந்த ஒரு வாரத்தில் நூறு படங்களை வைத்துப் பழகுவதே என் உறுதியான பரிந்துரை.

லைட்ரூம் 3 அல்லது அதற்கு முந்தைய பதிப்பில் திருத்திய படங்கள் உங்களிடம் இருந்தால், அவற்றைப் புதிய செயலாக்க முறைக்கு (லைட்ரூம் திருத்தங்களைக் கணக்கிடும் 'ப்ராசஸ் வெர்ஷன்') மொத்தமாக மாற்றாதீர்கள். 2012-இல் அம்முறை மாறியபோது ஒளியையும் நிழலையும் கையாளும் கணக்கே மாறிவிட்டதால், வாடிக்கையாளர் ஏற்றுக்கொண்ட ஆல்பத்தின் தோற்றம் கலைந்துவிடக்கூடும். பின்னாளில் புதிய லைட்ரூம் வாங்கினாலும் பழைய கேட்டலாக்கின் (படங்களின் பட்டியலும் திருத்தங்களும் அடங்கிய கோப்பு) நகலைத் தனி ஹார்ட் டிஸ்கில் வைத்திருங்கள். புதிய பதிப்புக்கு மாற்றிய கேட்டலாக்கை லைட்ரூம் 6-ஆல் மீண்டும் திறக்க இயலாது.