ஏலம் கிடைக்காத சோலார் நிறுவனமும் எடுக்கப்படாத கேவியட்டும்

கேள்வி: மலேசியாவின் கெடா, கோல மூடாவில் அப்பா விட்டுச்சென்ற ரப்பர் நிலம் என் பெயரிலும் தம்பி பெயரிலும் இருக்கிறது. குத்தகைக்கு எடுப்பதாகச் சொன்ன சோலார் நிறுவனத்திடம் 3,000 வெள்ளி (ரிங்கிட்) வாங்கி, ஆப்ஷன் ஒப்பந்தத்தில் (குறித்த நாளுக்குள் விரும்பினால் குத்தகைக்கு எடுக்கும் உரிமை) கையெழுத்திட்டோம். சோலார் மின்திட்டங்களுக்கான ஏலத்தில் அவர்களுக்குத் திட்டம் கிடைக்கவில்லை. இப்போது நிலத்தை விற்கப் போனால், கைமாற்ற விடாமல் தடுக்கும் கேவியட் என்ற தடைப்பதிவை அந்த நிறுவனம் போட்டிருக்கிறது. பக்கத்து மேட்டில் மரங்களை அழித்து சோலார் பலகைகள் நட்டதிலிருந்து எங்கள் கிணற்றில் சேறு இறங்குகிறது. ஏமாற்றியவர்கள் மீது வழக்குப் போடலாமா? – வாசகர், பட்டர்வொர்த்

பதில்: யாருடைய வாய்மொழி வாக்குறுதியாலும் கேவியட் விலகாது. கிணற்றுச் சேறு பக்கத்து நிலக்காரர் மீதான தனி விவகாரம். தேதியுடன் படம் எடுத்து வையுங்கள். இங்கே முக்கியமானது ஒன்றே: ஆப்ஷன் முடியும் நாள் எது, அதன் பிறகு நீங்கள் இருவரில் எவரேனும் எதிலாவது கையெழுத்திட்டீர்களா?

எரிசக்தி ஆணையம் 2016இல் தொடங்கிய பெரிய சோலார் ஏலங்களின் முதல் சுற்றுகளில் மின்கொள்முதல் ஒப்பந்தம் 21 ஆண்டுகளுக்கானது; நிலக் குத்தகையும் அதற்கேற்ப நீண்டதாக வேண்டும். மூன்றாண்டுக்கு மேற்பட்ட குத்தகையைப் பதிவு செய்தாக வேண்டும் என்பதால், ஏலத்துக்கு முன்பே நிலத்தைப் பிடித்துவைக்க நிறுவனங்கள் தனியார் கேவியட் போடுகின்றன. யாரும் எடுக்காவிட்டால் அது ஆறாண்டு நிற்கும்.

தேசிய நிலச் சட்டம் 326ஆம் பிரிவின்படி நில அலுவலகத்தில் விண்ணப்பித்தால், உயர்நீதிமன்றத்தில் நிறுவனம் நீட்டிப்பு ஆணை பெறாதவரை, அதற்கு அறிவிப்பு போன பின் இரண்டு மாதத்தில் அது நீங்கும். ஆனால் என் கட்சிக்காரர்கள் பலர் சிக்கியது இதற்கு முன்பே. ‘அடுத்த ஏலம் வருகிறது, ஆப்ஷனை நீட்டித்துக் கொள்வோம்’ என்று ஒரு பக்கக் கடிதமும் சிறு தொகைக்கான காசோலையும் வரும். ரப்பர் பால் எடுக்க ஆள் கிடைக்காமல் வருமானமின்றிக் கிடக்கும் நிலத்துக்கு அதுவாவது வரட்டும் என்று கையெழுத்திடுகிறார்கள். காலாவதியான ஆப்ஷனை வைத்து வாதாட நிறுவனத்துக்குப் பெரிதாக ஒன்றுமில்லை. அந்தக் கடிதமோ புதிய உரிமைக்கோரலையே கொடுத்துவிடுகிறது. தம்பியைத் தனியாகச் சந்தித்தும் கையெழுத்து வாங்கப் பார்ப்பார்கள். இன்றே அவரிடம் சொல்லிவையுங்கள்.

தவறான கேவியட்டுக்கு 329ஆம் பிரிவில் இழப்பீடு உண்டு. ஆனால் கையெழுத்தாகாத விற்பனையை வைத்து நட்டத்தை நிரூபிப்பது கடினம், அதற்காக அலையாதீர்கள்.

ஆப்ஷன் முடிந்திருந்தால் சமரசம் செய்யுங்கள். 3,000 வெள்ளியைத் திருப்பித் தர முன்வாருங்கள். உயர்நீதிமன்றச் செலவோடு ஒப்பிட்டால் அது சிறிய தொகை. கேவியட்டை விலக்கிக்கொள்வதாக நிறுவனம் கையெழுத்திட்ட 19ஜி படிவம் உங்கள் வழக்கறிஞர் கைக்கு வந்து, நில அலுவலகத்தில் தாக்கலான பிறகே பணம் கைமாற வேண்டும்.