ஊரில் ஒன்றுமே இல்லை என்கிறாள் மகள்

கேள்வி: டொராண்டோவிலிருந்து வேலை மாறி, சஸ்காட்செவன் மாகாணத்தின் மூஸ் ஜா நகருக்குக் குடும்பத்தோடு வந்து ஓராண்டு ஆகிறது. பதினைந்து வயது மகள், "இந்த ஊரில் ஒன்றுமே இல்லை" என்று தினமும் சண்டை போடுகிறாள். சொந்த வீடு, தனி அறை, நல்ல பள்ளி எல்லாம் இருந்தும் நன்றியில்லை. தோழியின் அக்காள் ஓட்டும் காரில் ஏறி, இரவில் மெயின் தெருவைச் சுற்றுவதுதான் பொழுதுபோக்கு. பள்ளியில் கார் ஓட்டக் கற்றுத் தருகிறார்களாம். பெண் பிள்ளைக்கு இந்த வயதில் எதற்கு என்று படிவத்தில் நான் கையெழுத்திடவில்லை. பேசாமல் டொராண்டோவில் என் தங்கை வீட்டுக்கு அவளை அனுப்பிவிடலாமா?
- ஒரு தந்தை, மூஸ் ஜா

பதில்: அனுப்ப வேண்டாம். படிவத்தை எடுத்துக் கையெழுத்திடுங்கள்.

உங்கள் மகளுக்கு நன்றியில்லை என்று எப்படி முடிவு கட்டினீர்கள்? டொராண்டோவில் கையில் பஸ் அட்டை இருந்தது. நினைத்த இடத்துக்குப் போனாள், வந்தாள். இப்போது இருப்பது சுமார் 34,000 பேர் வாழும் ஊரில். அடுத்த பெரிய நகரமான ரெஜைனா 70 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. ஜனவரியில் குளிர் மைனஸ் 30 வரை இறங்கும் மாலைகளில் நாலு தெரு தள்ளியிருக்கும் தோழி வீட்டுக்குக்கூட நடந்து போவது கடினம். எங்கே போவதென்றாலும் அப்பாவுக்கு நேரம் இருக்க வேண்டும், மனமும் இருக்க வேண்டும். அவளுடைய "ஒன்றுமே இல்லை" என்பதற்கு இதுதான் பொருள்.

இந்த நிலைக்கு, ஊர்கள் தூரம் தூரமாகக் கிடக்கும் அந்தச் சமவெளியை மட்டும் குறை சொல்ல மாட்டேன். மெயின் தெருவின் தென்கோடியில் மணிக்கூண்டோடு நிற்கும் பழைய ரயில் நிலையத்தைப் பார்த்திருப்பீர்கள். 1990 தொடக்கத்தில் பயணிகள் ரயிலை வடக்கே சஸ்காட்டூன் வழியாகத் திருப்பிவிட்டார்கள். நிலையக் கட்டடம் பிற்பாடு மதுக்கடையானது. மாகாண அரசு 1946இல் தொடங்கிய பஸ் நிறுவனத்தை 2017 மே மாத இறுதியில் அரசே மூடியது. அடுத்த ஆண்டு அக்டோபரோடு கிரேஹவுண்ட் என்ற தனியார் பஸ் நிறுவனமும் சமவெளி மாகாணங்களை விட்டுப் போனது. வேறு தனியார் பஸ்கள் சில வந்திருக்கின்றன, ஆனால் பழைய வசதி திரும்பவில்லை. நஷ்டம் யாருக்கு? கார் இல்லாத முதியவர்களுக்கும், நகர மருத்துவமனைக்குப் போக வேண்டிய நோயாளிகளுக்கும், உங்கள் மகள் வயதுப் பிள்ளைகளுக்கும். பெரியவர்கள் வழியை அடைத்துவிட்டு, பிள்ளைகள் அலுத்துக்கொள்கிறார்கள் என்று கோபிப்பது எனக்கு நியாயமாகப் படவில்லை.

மெயின் தெருவைச் சுற்றும் விஷயத்துக்கு வருவோம். சூடான காருக்குள், பெற்றோர் காதில் விழாமல் நாலு பேர் மனம்விட்டுப் பேச அந்த வயதுக்கு அங்கே வேறு இடம் குறைவு. அது பிடிக்கவில்லை என்றால் உங்கள் வீட்டுக் கீழ்த்தளத்தை அவர்களுக்கு விடுங்கள், அடிக்கடி எட்டிப் பார்க்காதீர்கள். வெள்ளிக்கிழமை ஐஸ் ஹாக்கி ஆட்டத்துக்கு எல்லோரையும் அழைத்துப் போங்கள். 2024இல் மேற்கு ஹாக்கி லீக் கோப்பையை முதன்முறையாக வென்ற உங்கள் ஊர் வாரியர்ஸ் அணியின் ஆட்டக்காரர்கள் 16 முதல் 20 வயதுப் பிள்ளைகள்தான். பலர் வெளியூரிலிருந்து வந்து உள்ளூர்க் குடும்பங்களின் வீடுகளில் தங்கி ஆடுகிறார்கள். புது ஊரில் வேர் பிடிக்கத் தவிப்பது உங்கள் மகள் மட்டுமல்ல.

படிவத்துக்கு வருகிறேன். அந்த மாகாணத்தில் பழகுநர் உரிமம் பெற 16 வயது ஆக வேண்டும். பள்ளியின் ஓட்டுநர் பயிற்சியில் சேர்ந்தால் 15 வயதிலேயே பெறலாம். 30 மணி நேரம் வகுப்பு, 6 மணி நேரம் சாலையில் பயிற்சி, கட்டணம் கிடையாது. தூரம் என்னவென்று தெரிந்தவர்கள் வகுத்த விதி இது. "பெண் பிள்ளைக்கு எதற்கு" என்று கேட்கிறீர்கள். பெண் பிள்ளை என்பதால்தான் இன்னும் அவசியம். பின்னிரவில் பிடிக்காத இடத்திலிருந்து யார் தயவும் இல்லாமல் வீடு திரும்ப அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

உங்கள் பயம் எனக்குப் புரிகிறது. 2018 ஏப்ரலில் ஹம்போல்ட் இளைஞர் ஹாக்கி அணியின் பஸ், கிராமப்புறச் சாலைச் சந்திப்பில் லாரியோடு மோதி 16 பேர் இறந்ததை அந்த மாகாணம் மறக்கவில்லை. ஆனால் உங்கள் மகள் இப்போதும் காரில்தான் போகிறாள், இன்னொருத்தி கையை நம்பி. அதைவிட அவளே முறையாகக் கற்றுக்கொள்வது மேல்.

மிச்சத்தை நீங்கள் கற்றுக்கொடுங்கள். ஊர்க் கார்களின் முகப்பில், எஞ்சினைச் சூடாக வைக்கும் கருவியின் மின்கம்பி பிளக்கோடு தொங்குவதைப் பார்த்திருப்பீர்கள். கடுங்குளிர் இரவில் அதை வெளிச்சுவர் சாக்கெட்டில் செருகாவிட்டால் காலையில் எஞ்சின் கிளம்பாமல் போகலாம். செருகியதைக் கழற்றாமல் வண்டியை எடுத்தால் கம்பி அறுந்துவிடும். இரண்டையும் அவளையே செய்யச் சொல்லுங்கள். டிக்கியில் கம்பளி, மண்வாரி, மெழுகுவத்தி இருக்கட்டும். பனிப்புயலில் சிக்கினால் காரை விட்டு இறங்கி நடக்கக் கூடாது, புகைக்குழாயைப் பனி மூடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும் என்பதைப் பலமுறை சொல்லுங்கள்.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் அங்கே பல பிள்ளைகள் ரெஜைனா, சஸ்காட்டூன், கால்கரி என்று கிளம்பிவிடுகிறார்கள். உங்கள் மகளும் கிளம்பலாம், டொராண்டோவுக்கே திரும்பலாம். அன்று அது அவளுடைய முடிவாக இருக்கும். இன்று நீங்கள் அத்தை வீட்டுக்கு அனுப்பினால், வாய் பேசியதற்குத் தண்டனை என்றுதான் எடுத்துக்கொள்வாள்; அடுத்த முறை மனதில் இருப்பதை உங்களிடம் சொல்ல மாட்டாள்.