நிற்க வேண்டிய இடம் – கடிதம்

வணக்கம் சார்,

செப்டம்பரில் நான், கணவர், அம்மா மூவரும் இத்தாலி போகிறோம். மொத்தம் 9 நாள். அம்மாவுக்கு 68 வயது. பள்ளியில் வரலாறு நடத்தி ஓய்வு பெற்றவர். மறுமலர்ச்சிக் காலத்தை வருஷா வருஷம் கரும்பலகையில் எழுதிப் போட்டிருக்கிறேன், ஒரு தடவை கண்ணால் பார்த்துவிட வேண்டும் என்பார். பயண முகவர் ரோம், ஃப்ளோரன்ஸ், பீசா, வெனிஸ், வெரோனா, மிலான் என்று ஆறு ஊர் போட்டுக் கொடுத்திருக்கிறார். எல்லா ஊரிலும் வழிகாட்டியோடு நடக்கும் ‘வாக்கிங் டூர்’ உண்டாம், அதற்குத் தனியாகப் பணம். “எல்லாம் ஃபோனிலேயே இருக்கிறது, வழிகாட்டிக்கு எதற்குத் தண்டச் செலவு?” என்கிறார் என் கணவர். அம்மாவுக்கு முழங்கால் வலி வேறு. வழிகாட்டி தேவையா? சின்னதாக, கூட்டம் குறைவாக ஏதாவது ஊர் சொல்வீர்களா?

அன்புடன்,
ர., கோவை

அன்புள்ள ர.,

வழிகாட்டி கட்டாயம் வேண்டும். ஆறு ஊர்தான் வேண்டாம். ஊர்களைப் பாதியாகக் குறைத்துவிட்டு, அதில் மிச்சமாகும் பணத்தில் உங்கள் மூன்று பேருக்கு மட்டும் என்று ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொள்ளுங்கள். ஒவ்வொரு ஊரிலும் முதல் இரண்டு மணி நேரம் அவரோடு நடங்கள். அப்புறம் சாப்பிட்டு, கொஞ்சம் உட்கார்ந்துவிட்டு, அதே தெருக்களில் நீங்களாக இன்னொரு முறை நடங்கள். அந்த இரண்டாவது நடைக்கு உங்கள் கணவர் சொல்லும் ஃபோன் போதும்.

நான் முதல் தடவை ஃப்ளோரன்ஸ் போனது நாற்பது பேர் கொண்ட ஒரு பேருந்துக் குழுவில். முன்னால் ஒருவர் கொடியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு போனார். எங்கள் காதில் ஒரு கருவி மாட்டியிருந்தது. ஊருக்கு நான்கு மணி நேரம் ஒதுக்கியிருந்தார்கள். பேராலயத்தின் உயரம், கட்டி முடித்த வருஷம், மெதிச்சி குடும்பத்துச் சண்டைகள் எல்லாம் காதில் விழுந்துகொண்டே இருந்தன. கண்ணில் பட்டது எனக்கு முன்னால் போனவரின் முதுகுப்பை. கொடியைத் தவறவிட்டுவிடுவோமோ என்ற பயத்தில் நான் எங்குமே நிற்கவில்லை. பேருந்தில் ஏறி உட்கார்ந்தபோது தொண்டையை அடைத்தது. அந்த ஊரைப் பார்க்க இருபது வருஷம் காத்திருந்தவன் நான். வெனிஸில் 2024-இல் சுற்றுலாக் குழுவில் 25 பேருக்கு மேல் இருக்கக் கூடாது, ஒலிபெருக்கி வைத்துப் பேசக் கூடாது என்று விதி கொண்டுவந்தார்கள். அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு அந்த முதுகுப்பைதான் நினைவுக்கு வந்தது.

உங்கள் அம்மா வகுப்பில் புருனெல்லெஸ்கி பெயரைச் சொல்லியிருப்பார். ஃப்ளோரன்ஸ் பேராலயத்துக்குக் கும்மட்டம் எழுப்பியவர். 1420-இல் தொடங்கி 1436-இல் முடித்தார். அதற்கு முன்பே அவர் செய்த ஒரு காரியத்தை அவருடைய வரலாற்றை எழுதிய மனேத்தி சொல்லியிருக்கிறார். பேராலயத்தின் நடுக் கதவுக்குள் மூன்று முழம்போல உள்ளே நின்றுகொண்டு, எதிரே இருக்கும் எண்கோண ஞானஸ்நானக் கோயிலை ஒரு பலகையில் வரைந்தார். ஏறக்குறைய ஓர் அடிச் சதுரம்தான் அந்தப் பலகை. அதில் சின்னதாக ஒரு துளை போட்டார். பார்க்கிறவர் பலகையின் பின்பக்கம் கண்ணை வைத்து, துளை வழியாக, மறுகையில் பிடித்த கண்ணாடியில் ஓவியத்தைப் பார்க்க வேண்டும். வானத்துக்கு அவர் வண்ணம் தீட்டவில்லை. மெருகேற்றிய வெள்ளியைப் பதித்துவிட்டார். அன்றைய நிஜ மேகங்கள் காற்றில் நகர்வது அதில் தெரிந்ததாம். அந்தப் பலகையைத் தானே கையில் வைத்துப் பார்த்ததாக மனேத்தி எழுதுகிறார். பலகை இன்று இல்லை. அவர் நின்ற இடம் இருக்கிறது.

ஓர் ஆள் ஓர் இடத்தில் நிற்கிறார், அவர் கண்ணிலிருந்து உலகத்தை அளக்கிறார்கள். அந்தக் காலத்து ஓவியரும் சிற்பியும் கட்டடக் கலைஞரும் இதைப் பிடித்துக்கொண்டார்கள். சதுக்கங்களும் அரண்மனை முற்றங்களும் இப்படி ஒரு ஆளை மனதில் வைத்து எழுந்தன. அந்த ஆள் எங்கே நிற்க வேண்டும் என்று தெரியாமல் போனால் நல்ல கட்டடங்களைப் பார்த்த திருப்தியோடு திரும்பி வரலாம், அவ்வளவுதான். நம் தோளைத் தொட்டு “இங்கே வா, இப்போது பார்” என்று நிறுத்திக் காட்ட ஒரு மனிதர் வேண்டும். வழிகாட்டி வேண்டும் என்று நான் அடித்துச் சொல்வது இதற்காகத்தான்.

சின்ன ஊர் கேட்டிருந்தீர்கள். பியென்சாவுக்குப் போங்கள். சியெனாவுக்குத் தெற்கே, வால் தோர்ச்சா பள்ளத்தாக்கின் விளிம்பில், குன்றின் மேல் இருக்கிறது. கடைத்தெருவில் ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை நடக்கப் பத்து நிமிடம்கூட ஆகாது, பெரிய ஏற்றமும் இல்லை. அம்மாவின் முழங்காலுக்குத் தோதான ஊர். பழைய பெயர் கொர்சிஞ்ஞானோ. அங்கே 1405-இல் பிறந்த ஒருவர் 1458-இல் போப் ஆனார்; அவர்தான் இரண்டாம் பயஸ். அடுத்த வருஷமே, பிறந்த கிராமத்தைப் புது மாதிரி ஊராகக் கட்டித் தரும்படி கட்டடக் கலைஞர் பெர்னார்தோ ரொசெல்லினோவிடம் ஒப்படைத்தார். மூன்று நான்கு வருஷத்தில் பேராலயம், போப் குடும்பத்து அரண்மனை, நடுவில் சதுக்கம் என்று எல்லாம் எழுந்து நின்றன. ஊருக்குத் தன் பெயரையும் வைத்தார்.

எனக்கு அங்கே வழிகாட்டியாக வந்தவர் அறுபதைத் தாண்டிய ஒரு பெண்மணி. சதுக்கத்துக்குள் நுழைந்ததும் நான் பேராலயத்தைப் பார்த்து நேராக நடக்க ஆரம்பித்தேன். கையைப் பிடித்து நிறுத்திவிட்டார். எதிர்ப்புறம் இருக்கும் நகர மன்றத்தின் வளைவுகளுக்குக் கீழே கூட்டிப்போய் நிறுத்தி, “வலது பக்கம் ஓர் அரண்மனை, இடது பக்கம் ஓர் அரண்மனை. இரண்டுக்கும் நடுவே உள்ள தூரம் எங்கே அதிகம், இங்கேயா அங்கேயா?” என்று கேட்டார். இரண்டும் ஒன்றுதான் என்றேன். தரையைப் பார்க்கச் சொன்னார். செங்கல் பாவிய தரையில் வெளிர் நிற ட்ரவர்டைன் கல்லால் கட்டம் கட்டமாகக் கோடு போட்டிருக்கிறார்கள். ஒரு கோட்டின் மேல் என்னை நடக்கவிட்டார். கொஞ்ச தூரம் நடந்தபோதுதான் புரிந்தது, அரண்மனைச் சுவர்கள் இரண்டு பக்கமும் என்னைவிட்டு விலகிக்கொண்டே போகின்றன. சதுக்கம் சதுரமே இல்லை. பேராலயத்தை நோக்கி விரிகிற சரிவகம். சின்ன இடம் அப்படிப் பெரிதாகத் தெரிகிறது. அகன்றுபோன இடத்தில் பேராலயத்தின் இரண்டு பக்கமும் கொஞ்சம் இடைவெளி கிடைக்கிறது. அதன் வழியாகப் பள்ளத்தாக்கும் வானமும் ஊருக்குள் வருகின்றன. அன்று காலை அந்த இடைவெளியில் காற்று வீசியது. அவர் தன் கழுத்துத் துணியைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

பேராலயத்துக்குள் போனதும் வேறொரு வேலை கொடுத்தார். கோடிப் பக்கத்துப் பீடத்தை நோக்கிக் கண்ணை மூடிக்கொண்டு மெதுவாக நடக்கச் சொன்னார். கால் இறங்குகிறது! கண்ணுக்குப் பிடிபடாத சரிவு பாதத்துக்குத் தெரிகிறது. பேராலயத்தைக் கிழக்கு நோக்கிக் கட்டுவதுதான் வழக்கம். பயஸுக்கு வெளிச்சமும் பள்ளத்தாக்கும் வேண்டும் என்பதால் தெற்கு நோக்கி, குன்றின் விளிம்பில் கட்டினார்கள். மண் தாங்கவில்லை. பீடப் பகுதி அன்றிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக இறங்கிக்கொண்டிருக்கிறது. சுவரில் விரிசல்களைக் காட்டினார். பெரிய ஜன்னல்கள், வெள்ளைச் சுவர், அப்படி ஒரு வெளிச்சம். இந்தச் சுவர்களில் யாரும் ஓவியம் தீட்டக் கூடாது, எதையும் மாற்றக் கூடாது என்று 1462-இல் பயஸ் ஆணையே போட்டிருக்கிறார். சுவர்கள் இன்றும் வெள்ளையாகத்தான் இருக்கின்றன.

செலவுக் கதையையும் அங்கேதான் சொன்னார். ரொசெல்லினோ முதலில் சொன்ன மதிப்பை வெகுவாகத் தாண்டி 50,000 தங்கக் காசுக்கு மேல் போய்விட்டது. போப் கூப்பிட்டு அனுப்பியதும் மனிதர் நடுங்கிக்கொண்டு வந்தார். பயஸ் எல்லாவற்றையும் சுற்றிப் பார்த்துவிட்டு, “நீ பொய் சொன்னதே நல்லது. உண்மையைச் சொல்லியிருந்தால் இதைக் கட்ட நான் சம்மதித்திருக்கவே மாட்டேன்” என்ற பொருளில் பேசி, 100 தங்கக் காசும் ஒரு செந்நிற அங்கியும் பரிசாகக் கொடுத்தார். இது பயஸே தன் நினைவுக் குறிப்பில் எழுதி வைத்தது. இருவரும் 1464-இல் இறந்துபோனார்கள். ஊர் அத்தோடு நின்றுவிட்டது. இந்தக் கதை உங்கள் ஃபோனிலும் இருக்கும். ஆனால் காலுக்குக் கீழே தரை இறங்குவதை உணர்ந்த மறு நிமிடம் அதைக் கேட்டேன் பாருங்கள், ரொசெல்லினோவின் நடுக்கம் எனக்கும் தொற்றிக்கொண்டது.

இரண்டாவது ஊர் உர்பினோ. ஓவியர் ரஃபேல் 1483-இல் பிறந்த ஊர், அவர் பிறந்த வீட்டையே பார்க்கலாம். ஆனால் நான் அனுப்புவது ஓர் அறைக்காக. கூலிப்படைத் தலைவராகச் சம்பாதித்து ஊரை உயர்த்திய ஃபெதெரிகோ த மொந்தெஃபெல்த்ரோவின் அரண்மனையில் ‘ஸ்தூதியோலோ’ என்று ஒரு குட்டிப் படிப்பறை இருக்கிறது. 1476 என்று அதிலேயே பொறித்திருக்கிறார்கள். சுவரின் கீழ்ப் பாதி முழுக்க வெவ்வேறு நிற மரத்துண்டுகளை இழைத்துப் பதித்த சித்திரம். பாதி திறந்த அலமாரிக் கதவு, உள்ளே சாய்ந்து கிடக்கும் புத்தகங்கள், கவசம், நரம்பு வாத்தியங்கள், பழக்கூடைக்குப் பக்கத்தில் ஓர் அணில். எல்லாமே தட்டையான மரம். சுவரோரம் போனால் கோணல் மாணலாக இருக்கும். அறையின் நடுவுக்கு வந்து நில்லுங்கள். அலமாரிக் கதவு உங்களை நோக்கித் திறக்கும். அம்மாவை அங்கே ஐந்து நிமிடம் தனியாக நிற்க விடுங்கள். ஒரு பெரிய குழு வெளியேறி அடுத்த குழு வருவதற்குள் அந்த ஐந்து நிமிடத்தை எப்படிப் பிடிப்பது என்று உள்ளூர் வழிகாட்டிக்குத் தெரியும்.

உர்பினோ மேடும் பள்ளமுமான ஊர். கீழே இருக்கும் மெர்க்காத்தாலே சதுக்கத்திலிருந்து மேலே போக லிஃப்ட் இருக்கிறது. பக்கத்திலேயே குதிரைகள் ஏறுவதற்காக ஃப்ரான்செஸ்கோ தி ஜோர்ஜோ மார்த்தினி அமைத்த சுழல் சாய்வுப் பாதையும் உண்டு. அம்மா லிஃப்டில் வரட்டும், நீங்கள் இருவரும் அதில் ஏறுங்கள்.

சரி, திட்டம். ரோமில் இறங்கியதும் பேருந்தில் சியெனா போய் இரண்டு இரவு. அங்கிருந்து ஒரு நாள் பியென்சா. பியென்சாவுக்கு ரயில் இல்லை, பேருந்துதான், அதனால் ஞாயிற்றுக்கிழமையில் வைக்காதீர்கள். அடுத்து ஃப்ளோரன்ஸில் மூன்று இரவு. பிறகு பொலோஞ்ஞா வழியாக ரயிலில் பெசாரோ வரை, அங்கிருந்து பேருந்தில் உர்பினோ, இரண்டு இரவு. கடைசி இரவு ரோம், விமானத்துக்காக. ரோமை விட்டுவிட்டோமே என்று வருந்தாதீர்கள். அது தனியாக ஒரு பயணம் கேட்கிற ஊர்.

வழிகாட்டிகள் பெரும்பாலும் தலைக்கு இவ்வளவு என்று வாங்குவதில்லை, இரண்டு மூன்று மணி நேரத்துக்கு மொத்தமாக ஒரு தொகை கேட்பார்கள். இத்தாலியில் இந்தத் தொழிலுக்கு உரிமம் உண்டு. உரிமம் உள்ளவரா என்று கேளுங்கள், தப்பாக நினைக்க மாட்டார்கள். முன்பதிவு செய்யும்போதே எழுதிவிடுங்கள்: அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி, நடுநடுவே உட்கார வேண்டும், ஐந்து இடம் பார்த்தால் போதும், பத்து வேண்டாம். அம்மா வரலாற்று ஆசிரியை என்பதையும் சொல்லுங்கள். நல்ல வழிகாட்டி அதைக் கேட்டதுமே வேறு மாதிரி தயாராகி வருவார். இந்த வேலை பார்க்கிறவர்களுக்கு, கேள்வி கேட்கத் தெரிந்த ஒருவர் கிடைப்பது பெரிய சந்தோஷம்.

சின்ன ஊர்க் கோயில்களை மதியம் பூட்டிவிடுவார்கள், காலையிலேயே போய்விடுங்கள். திங்கட்கிழமைகளில் பல அருங்காட்சியகங்களுக்கு விடுமுறை. உர்பினோ அரண்மனையை அன்றைக்கு வைக்க வேண்டாம். கல் பாவிய தெருக்கள், எனவே அம்மாவுக்குப் புதுச் செருப்பு வேண்டாம், பழகின ஷூ போதும்.

ஃப்ளோரன்ஸில் முதல் நாள் காலை ஏழு மணிக்கு, கூட்டம் சேர்வதற்கு முன், பேராலயத்துக்குப் போங்கள். நடுக் கதவு பெரும்பாலும் மூடித்தான் இருக்கும், புருனெல்லெஸ்கி நின்ற இடம் கதவுக்கு அந்தப் பக்கம். பரவாயில்லை, வெளிப்படியில் கதவுக்கு முதுகு காட்டி அம்மாவை நிற்கச் சொல்லுங்கள். நேர் எதிரே எண்கோணக் கோயில், அதன் மேலே வானம். அன்று மேகம் இருந்தால் நல்லது.

அம்மாவுக்கு என் வணக்கம்.