சிலி இயக்குநர்களில் ஒருவரை மட்டும் தெரிந்துகொள்வது என்றால் யாரை?

கேள்வி இதுதான்: “சிலி நாட்டுத் திரைப்பட இயக்குநர்களில் ஒரே ஒருவரின் வாழ்க்கையையும் படங்களையும் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும் என்றால் யாரைச் சொல்வீர்கள்? எந்தப் படத்தில் தொடங்கலாம்?”

பத்ரீசியோ குஸ்மான். இதற்கு நான் யோசிக்கவே வேண்டியதில்லை.

சிலியில் பெரிய இயக்குநர்கள் வேறு சிலரும் உண்டு. ரவுல் ரூயிஸ் இருந்தார், இன்று பாப்லோ லாரைன் இருக்கிறார். அவர்கள் கதைப்படக்காரர்கள். குஸ்மான் ஆவணப்படக்காரர். 1941-ல் சாந்தியாகோவில் பிறந்தவர். ஐம்பது வருடங்களாக அவர் எடுத்த முக்கியமான படங்கள் எல்லாமே 1973-ஆம் ஆண்டின் சில மாதங்களைச் சுற்றியே வருகின்றன. வாழ்நாள் முழுக்க ஒரே படத்தைத்தான் எடுத்துக்கொண்டிருக்கிறார் என்றுகூடச் சொல்லலாம். நான் அதைக் குறையாகச் சொல்லவில்லை. அவரிடம் எனக்கு மிகவும் பிடித்ததே அந்தப் பிடிவாதம்தான்.

நான் கல்யாண வீடியோ எடுத்து எடிட் செய்யும் தொழிலில் இருக்கிறேன். அதனால் இந்த மனிதரின் கதையில் முதலில் என்னைப் பிடித்துக்கொண்டது அரசியல் அல்ல, பிலிம் கணக்கு. அதிலிருந்தே சொல்கிறேன்.

குஸ்மான் மாட்ரிட்டில் திரைப்படக் கல்லூரியில் படித்துவிட்டு 1971-ல் ஊர் திரும்பினார். அதற்கு முந்தைய வருடம்தான் சோஷலிஸ்ட்டான சால்வடோர் அயெந்தே தேர்தலில் வென்று சிலியின் அதிபராகியிருந்தார். செப்புச் சுரங்கங்கள் நாட்டுடைமையாகின்றன, தெருவெல்லாம் ஊர்வலம், கூட்டம், வாக்குவாதம். மாட்ரிட்டிலிருந்து கதைப்படக் கனவோடு வந்தவருக்கு, கண்ணெதிரே இவ்வளவு நடக்கும்போது உட்கார்ந்து கதை எழுத மனம் வரவில்லை. கேமராவைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விட்டார். அந்த ஆட்சியின் முதல் பன்னிரண்டு மாதங்களை ‘முதல் ஆண்டு’ என்ற படமாக எடுத்தார். 1972-ல் சிலிக்கு வந்திருந்த பிரெஞ்சு இயக்குநர் கிரிஸ் மார்க்கர் அதைப் பார்த்தார். நேராக குஸ்மானின் வீட்டுக்கே போய், படத்தை வாங்கி பிரான்சுக்கு எடுத்துச் சென்று, பிரெஞ்சுக் குரல் சேர்த்து வெளியிட்டார்.

அந்த அறிமுகம்தான் பிறகு எல்லாவற்றையும் காப்பாற்றியது. அமெரிக்கா கொடுத்த பொருளாதார அழுத்தத்தால் சிலிக்கு வெளிநாட்டுப் பொருட்கள் வருவது அடைபட்டுப்போனது. கச்சா பிலிமும் கிடைக்கவில்லை. நாடு உள்நாட்டுப் போரின் விளிம்பில் நிற்கிறது, அதைப் பதிவு செய்ய ஆள் இருக்கிறார்கள், கேமரா இருக்கிறது, பிலிம் இல்லை. குஸ்மான் மார்க்கருக்குக் கடிதம் எழுதினார். 1973 தொடக்கத்தில் 43,000 அடி கறுப்பு வெள்ளை 16 எம்எம் பிலிம் வந்து சேர்ந்தது.

43,000 அடி என்றால் எவ்வளவு? நிமிடத்துக்கு 36 அடி ஓடும். கணக்குப் போட்டால் ஏறக்குறைய 20 மணி நேரம். நான் ஒரு கல்யாணத்துக்கு வரவேற்பு, முகூர்த்தம் எல்லாம் சேர்த்து, இரண்டு கேமராவில் எடுப்பது கிட்டத்தட்ட அவ்வளவு வரும். அந்த மனிதருக்கு ஒரு நாட்டின் தலையெழுத்து மாறுகிற மாதங்களுக்கு அவ்வளவுதான் கையிருப்பு. அந்த 20 மணி நேரத்திலிருந்து பிறந்த ‘சிலியின் போர்’ (ஸ்பானிய மொழியில் ‘லா பதாயா தே சிலே’) மூன்று பாகமும் சேர்ந்து நாலரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. எடுத்ததில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் படத்திலேயே இருக்கிறது! தெருவில் என்ன நடக்கும் என்று யாருக்கும் தெரியாத நாட்களில் இப்படி எடுப்பது எவ்வளவு கஷ்டம் என்பது கேமரா பிடித்தவர்களுக்குத் தெரியும்.

எப்படிச் செய்தார்கள்? ஐந்தே பேர். ஒரு எக்லேர் கேமரா, ஒரு நாக்ரா டேப் ரெக்கார்டர். கண்ணில் படுவதையெல்லாம் எடுக்கவில்லை. நாட்டில் மோதல் எங்கெல்லாம் நடக்கிறது, தொழிற்சாலையிலா, நாடாளுமன்றத்திலா, வயலிலா, பள்ளியிலா என்று பட்டியல் போட்டுச் சுவரில் ஒட்டிவைத்து, எடுத்தவை எவை, இன்னும் எடுக்கவேண்டியவை எவை என்று குறித்துக்கொண்டே போனார்கள். படப்பிடிப்பில் குஸ்மான் கேமராமேன் ஹோர்ஹே முல்லரின் தோளோடு ஒட்டி நிற்பார். முல்லரின் கண் வ்யூஃபைண்டரில் இருக்கும், இவர் கண் சுற்றிலும் அலையும். அடுத்து எங்கே திரும்பவேண்டும், எப்போது மேலே போகவேண்டும் என்று காதில் சொல்லிக்கொண்டே இருப்பார். அதனால்தான் அந்தப் படத்தில் கேமரா எதையும் தேடி அலைவதே இல்லை, சரியான நேரத்தில் சரியான இடத்துக்குப் போய் நிற்கிறது.

ஒரு காட்சியை மட்டும் கிட்டப் போய்ப் பாருங்கள். 1973 ஜூலையில் அயெந்தேயின் கடற்படை உதவியாளராக இருந்த அர்த்துரோ அராயா சுட்டுக் கொல்லப்படுகிறார். வல்பராய்சோவில் இறுதிச் சடங்கு. ராணுவ உயர் அதிகாரிகள் எல்லாரும் முழுச் சீருடையில் வந்திருக்கிறார்கள். முல்லர் தூரத்து லென்ஸ் வைத்து ஒவ்வொரு முகமாகப் போகிறார். ஒருவர் பக்கத்தில் இருப்பவரிடம் ஏதோ முணுமுணுக்கிறார், இன்னொருவர் கண்ணை மட்டும் திருப்பிப் பார்க்கிறார். வெள்ளைக் கையுறைகள், தொப்பிகள், பதக்கங்கள். பின்னணியில் சோக இசை. சில வாரங்களில் ஆட்சியைக் கவிழ்க்கப்போகும் கூட்டம் அதில் நிற்கிறது. இசையைத் தவிர ஒன்றுமில்லை, ஆனாலும் பார்க்கும்போது வயிற்றைப் பிசையும்.

இன்னொன்று, முதல் பாகத்தின் முடிவு. 1973 ஜூன் 29, அதிபர் மாளிகையான லா மொனேதாவை ஒரு டாங்கிப் படைப்பிரிவு தாக்கிய நாள். லியோனார்தோ ஹென்ரிக்சன் என்ற அர்ஜென்டினக் கேமராமேன் தெருவில் நின்று எடுத்துக்கொண்டிருக்கிறார். ஒரு சிப்பாய் அவரைப் பார்க்கிறான், துப்பாக்கியை நேராகக் கேமராவை நோக்கி நீட்டுகிறான், சுடுகிறான். படம் ஆடுகிறது, சரிகிறது, இருட்டாகிறது. தன் சாவைத் தானே எடுத்துவிட்டுப் போனார் அந்த மனிதர். குஸ்மான் இந்தத் துண்டோடு முதல் பாகத்தை முடித்து, இதிலிருந்தே இரண்டாம் பாகத்தைத் தொடங்குகிறார்.

1973 செப்டம்பர் 11 அன்று விமானப்படை லா மொனேதா மீது குண்டு போட்டது. அயெந்தே உள்ளேயே இறந்தார். ஜெனரல் பினோசே ஆட்சியைப் பிடித்தார். குஸ்மானைக் கைது செய்து, ஆயிரக்கணக்கானவர்களோடு தேசிய விளையாட்டரங்கில் இரண்டு வாரம் அடைத்துவைத்தார்கள். கொன்றுவிடுவோம் என்று மிரட்டினார்கள். படச்சுருள்கள் அதற்குள் அவருடைய மாமா வீட்டில் பதுக்கப்பட்டிருந்தன. அங்கிருந்து ஸ்வீடன் தூதரகத்தின் உதவியோடு கப்பலேறி ஸ்டாக்ஹோம் போய்ச் சேர்ந்தன. விடுதலையானதும் குஸ்மானும் நாட்டை விட்டு வெளியேறினார்.

ஹோர்ஹே முல்லர் வெளியேறவில்லை. 1974 நவம்பர் 29 அன்று, அவரையும் அவருடைய காதலியான நடிகை கார்மென் புவேனோவையும் ரகசியப் போலீஸ் சாந்தியாகோ தெருவில் பிடித்துக்கொண்டு போனது. அதற்கு முந்தைய இரவு இருவரும் ஒரு படத்தின் முதல் காட்சிக்குப் போய் வந்திருந்தார்கள். அன்றோடு சரி. இன்றுவரை இருவரும் ‘காணாமல் ஆக்கப்பட்டோர்’ பட்டியலில்தான் இருக்கிறார்கள். முல்லருக்கு அப்போது வயது முப்பதைத் தாண்டவில்லை. ‘சிலியின் போர்’ அவருக்குத்தான் காணிக்கை. நான் அந்தப் படத்தில் பார்க்கும் ஒவ்வொரு ஷாட்டும் இப்போது இல்லாத ஒருவரின் தோளிலிருந்து எடுக்கப்பட்டது என்ற எண்ணம் மனதை விட்டுப் போவதே இல்லை.

படத்தின் எடிட்டிங் கியூபாவில், ஹவானாவின் திரைப்பட நிறுவனத்தில் நடந்தது. எடிட்டர் பெத்ரோ சாஸ்கெல். மூன்று பாகங்களும் 1975, 1976, 1979 என்று வெளிவந்தன. உலகமெல்லாம் பார்த்தது, சிலியைத் தவிர.

அப்புறம் பல வருடம் ஸ்பெயின், பிரான்ஸ் என்று வெளிநாட்டு வாழ்க்கை. 1997-ல் வந்த ‘பிடிவாதமான நினைவு’ படத்துக்காக, ‘சிலியின் போர்’ படத்தைக் கையில் எடுத்துக்கொண்டு ஊருக்குப் போனார். இளம் மாணவர்களை உட்காரவைத்துப் போட்டுக்காட்டினார். அவர்கள் தங்கள் நாட்டில் நடந்ததை முதல் தடவையாகப் பார்க்கிறார்கள். படம் முடிந்து விளக்கு எரிந்ததும் பேச்சு வரவில்லை, தேம்பித் தேம்பி அழுகிறார்கள். படச்சுருளைப் பதுக்கிவைத்த அந்த மாமாவும் இதில் வருகிறார். வயதாகிவிட்டது, பியானோவில் பீத்தோவனின் இசையைத் தட்டுத்தடுமாறி வாசிக்கிறார், நடுவில் சுரம் மறந்துபோகிறது, மறுபடி தொடங்குகிறார். ஆவணப்படம் இல்லாத நாடு குடும்பப் புகைப்பட ஆல்பம் இல்லாத வீடு மாதிரி என்பது குஸ்மான் அடிக்கடி சொல்வது. அதே 1997-ல் சாந்தியாகோவில் ஒரு ஆவணப்பட விழாவையும் தொடங்கிவைத்தார்.

2010-ல் வந்த ‘ஒளிக்கான ஏக்கம்’ படம்தான் என் கணக்கில் உச்சம். இடம் அட்டகாமா பாலைவனம். ஈரமே இல்லாத காற்று என்பதால் உலகத்தின் பெரிய தொலைநோக்கிகள் அங்கே இருக்கின்றன. அதே ஈரமின்மையால், ராணுவம் அங்கே புதைத்தவர்களின் எலும்பும் மட்குவதில்லை. மேலே பல கோடி வருடத்துக்கு முந்தைய வெளிச்சத்தை விஞ்ஞானிகள் தேடுகிறார்கள். கீழே கலாமா ஊர்ப் பெண்கள் கையில் சின்ன மண்வாரியோடு கணவனையும் அண்ணன் தம்பியையும் தேடுகிறார்கள். இந்தத் தொலைநோக்கிகள் மண்ணுக்குள்ளேயும் பார்த்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்கிறார் ஒரு பெண். இன்னொருவருக்குத் தன் சகோதரனின் ஒரு பாதமும் சில பற்களும் எலும்புத் துண்டுகளும் கிடைக்கின்றன. பாதத்தில் காலுறை அப்படியே இருக்கிறது, அடர்சிவப்பு நிறம். இரவில் எழுந்துபோய் அதைத் தடவிக்கொடுத்தேன் என்கிறார். மறுநாள் கணவர் வேலைக்குப் போனபிறகு காலை முழுக்க அதனோடு உட்கார்ந்திருந்தாராம். குஸ்மான் கேமராவை நகர்த்துவதில்லை, குறுக்கே கேள்வி கேட்பதும் இல்லை.

அதே படத்தில் மிகேல் லாவ்னர் என்ற கட்டடக் கலைஞர் வருகிறார். கைதி முகாம்களில் இருந்தபோது அறைகளைக் காலடியால் அளந்து, இரவில் வரைந்து பார்த்து, தாளைக் கிழித்துப்போட்டு, அளவுகளை மனதில் மட்டும் வைத்துக்கொண்டவர். பிறகு டென்மார்க்கில் அகதியாக இருந்தபோது எல்லாவற்றையும் நினைவிலிருந்து வரைந்தார். அவர் வீட்டில் தரையை அளந்து நடந்து காட்டுகிறார். அவருடைய மனைவிக்கோ மறதி நோய்.

இதன் தொடர்ச்சியாகக் கடலை வைத்து ‘முத்துச்சிப்பிப் பொத்தான்’ எடுத்தார், 2015 பெர்லின் விழாவில் திரைக்கதைக்கு வெள்ளிக் கரடி விருது கிடைத்தது. கைதிகளின் உடலைத் தண்டவாளத்தோடு கட்டி ஹெலிகாப்டரிலிருந்து கடலில் வீசினார்கள். பல வருடம் கழித்து மேலே எடுத்த ஒரு தண்டவாளத்தில் துருவோடு ஒட்டிக்கிடந்த சட்டைப் பொத்தான்தான் தலைப்பு. அடுத்து மலையை வைத்து ‘கனவுகளின் மலைத்தொடர்’, 2019. அந்த அக்டோபரில் சாந்தியாகோ மெட்ரோ கட்டணம் 30 பெசோ ஏறியதில் வெடித்த போராட்டத்தை ‘என் கற்பனை நாடு’ படமாக்கியபோது குஸ்மானுக்கு வயது எண்பதை எட்டியிருந்தது.

‘சிலியின் போர்’ சிலியில் எல்லாரும் இலவசமாகப் பார்க்கக்கூடிய தொலைக்காட்சியில் வந்தது 2021-ல்தான், அதுவும் ஒரு தனியார் சேனலில். கிட்டத்தட்ட ஐம்பது வருடம்! 2023-ல் அரசு தன் தேசியக் கலை விருதை அவருக்குக் கொடுத்தது.

எங்கே தொடங்குவது? ‘ஒளிக்கான ஏக்கம்’ ஒன்றரை மணி நேரம்தான், அதில் தொடங்குங்கள். போனில் வேண்டாம், பாலைவனமும் நட்சத்திரங்களும் சின்னத் திரையில் நிற்காது. பிறகு ‘சிலியின் போர்’ முதல் இரண்டு பாகங்களை ஒரே மூச்சில் பாருங்கள். வல்பராய்சோ இறுதிச் சடங்கு வரும்போது அந்த அதிகாரிகளின் முகங்களை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். எடுத்தவர் முல்லர்.