லூசிக்கு முன்பே வந்த மேரி கே

அன்புள்ள ஐயா,

பழைய அமெரிக்கக் குடும்பத் தொடர்களைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு 'ஐ லவ் லூசி' பார்த்தேன். சிரித்தேன், சரி. ஆனால் அடுப்படியும் புருஷன் பெண்டாட்டி சண்டையும் தவிர அதில் என்ன இருக்கிறது? அம்மாகூட மலேசிய அரசுத் தொலைக்காட்சியான ஆர்டிஎம்மின் தமிழ்க் குடும்ப நாடகங்களை வீடியோ கேசட்டில் பதிந்து வைத்திருக்கிறார், வீடு மாறும்போது வீசிவிடலாம் என்றிருக்கிறோம்.

வாசகி, செந்தூல்

அன்புள்ள வாசகிக்கு,

முதலில் ஒன்று, அந்தக் கேசட்டுகளை வீசாதீர்கள்.

லூசிக்கு நாலு வருடம் முன்பே, 1947 நவம்பரில், 'மேரி கே அண்ட் ஜானி' வந்துவிட்டது. நிஜத் தம்பதியே நடித்தது. 1948 டிசம்பரில் அவர்களுக்கு மகன் பிறந்தான், கைக்குழந்தையாகவே தொடருக்குள்ளும் வந்துவிட்டான். ஆனால் கர்ப்பத்தையும் பிள்ளைப்பேற்றையும் டிவியில் முதலில் காட்டியது யார் என்றால் எல்லாரும் லூசியைத்தான் சொல்கிறார்கள், 1953 ஜனவரி 19 அன்று ஒளிபரப்பான அந்தப் பகுதியை. மேரி கே நேரடி ஒளிபரப்பு, அநேகமாக எதுவுமே மிஞ்சவில்லை. லூசியாக நடித்த லூசில் பாலும் அவர் கணவர் டெசி அர்னாஸும் நேரடி ஒளிபரப்புக்காக ஹாலிவுட்டை விட்டு நியூயார்க் போக மறுத்ததால், பார்வையாளர்களை உட்காரவைத்து, 3 கேமராக்களோடு 35 மி.மீ. பிலிமில் எடுத்தார்கள், செலவு கூடியது, சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு பிலிமின் உரிமையைத் தங்கள் கையில் வைத்துக்கொண்டார்கள். அதனால்தான் நீங்கள் இன்று செந்தூலில் உட்கார்ந்து சிரிக்க முடிகிறது.

அடுப்படிதான் இருக்கிறது என்கிறீர்கள். அதற்காகத்தான் பார்க்கச் சொல்கிறேன். 1955இல் வந்த 'தி ஹனிமூனர்ஸ்' பாருங்கள்: புரூக்ளின் பஸ் டிரைவர் வீடு, ஒரு மேசை, ஒரு கழுவும் தொட்டி, பழைய ஐஸ் பெட்டி, கைக்கும் வாய்க்கும் எட்டாத சம்பளம். அவன் மனைவியை அடிப்பதுபோல் கையை ஓங்கும்போதெல்லாம் கூட்டம் சிரிக்கிறது, எனக்கு அது கொஞ்சமும் பிடிக்கவில்லை, ஆனால் எதற்கெல்லாம் சிரித்தார்கள் என்பது வேறெங்கே இவ்வளவு பச்சையாகக் கிடைக்கும்?

நம் மலேசியாவில் டிவி வந்தது 1963 டிசம்பர் 28இல். நம் தாமான் (குடியிருப்பு) வீட்டுக் கூடமும், மாமியார் மருமகள் பேச்சும், அந்தக் காலப் புடவைக் கட்டும் உங்கள் அம்மாவின் கேசட்டில் இருக்கலாம், வேறெங்கும் இல்லாமலும் போயிருக்கலாம்.

அப்புறம், நம் ஊர் ஈரத்துக்கு நாடாவில் வெள்ளையாகப் பூஞ்சணம் பிடித்திருக்கும். அப்படியே பிளேயரில் போடாதீர்கள், நாடாவும் கெடும், அதைப் படிக்கும் ஹெட்டும் கெடும். சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுத்து கணினிக்கு மாற்றுங்கள். பினாங்குப் பக்கம் வந்தால் ஒரு பிரதி எனக்கும் கொண்டு வாருங்கள்.